எங்க வீடு மாதிரி ஒரு கதை இருக்கா?

சிறுவர் புத்தகங்களுக்கான கேள்வி – பதில் பகுதி

இந்த முறை வந்த கடிதங்களில் பல ஒரே விஷயத்தைச் சுற்றியே இருந்தன: குடும்பம். அதிலும் பாடப்புத்தகப் படத்தில் வரிசையாக நிற்கிற அப்பா, அம்மா, அக்கா, தம்பி என்ற கணக்குக்குள் வராத குடும்பம். அதனால் மற்ற கேள்விகளை அடுத்த இதழுக்குத் தள்ளிவிட்டு இவற்றுக்கு மட்டும் பதில் எழுதுகிறேன்.

கேள்வி: எனக்கு விவாகரத்தாகி இரண்டு வருஷம் ஆகிறது. மகன் யூகேஜி படிக்கிறான். பள்ளியில் ‘என் குடும்பம்’ என்று சார்ட் செய்து வரச் சொன்னார்கள். அதில் அப்பா போட்டோவுக்கு என்று ஒரு கட்டம். “இங்க யாரை ஒட்டுறது?” என்று கேட்டான். அப்பா கூட இல்லாத குழந்தைகளுக்கென்று புத்தகம் ஏதாவது இருக்கிறதா?
— வாசகி, திருச்சி

இருக்கிறது. ஆனால் விவாகரத்தை விளக்குகிற புத்தகமாகத் தேடாதீர்கள், எடுத்த எடுப்பில் வேண்டாம். அந்த வகையில் பெரும்பாலானவை அறிவுரைக்குக் கதைச் சட்டை மாட்டிவிட்டவை. அம்மா எதையோ சொல்ல வருகிறாள் என்பது யூகேஜி பையனுக்கு இரண்டாவது பக்கத்திலேயே புரிந்துவிடும், எழுந்து ஓடிவிடுவான். அவன் வீடு மாதிரியே ஒரு வீடு இருக்க வேண்டும், ஆனால் கதை வேறு எதைப் பற்றியோ இருக்க வேண்டும். நான் முதலில் கையில் கொடுப்பது அப்படிப்பட்ட புத்தகத்தைத்தான்.

வேரா பி. வில்லியம்ஸ் எழுதி வரைந்து 1982இல் அமெரிக்காவில் வந்த ‘எ சேர் ஃபார் மை மதர்’ என்ற படப்புத்தகம் இதற்கு நல்ல உதாரணம். ஒரு சிறுமி, ஓட்டலில் பரிமாறும் வேலை பார்க்கும் அம்மா, பாட்டி, மூன்றே பேர். வீடு தீப்பிடித்து எல்லாம் போய்விட்டது. வேறு வீட்டுக்குக் குடிபோகிறபோது அக்கம்பக்கத்தார் ஆளுக்கொன்று கொண்டுவருகிறார்கள். ஒருவர் மேசை, ஒருவர் கட்டில், அம்மாவின் முதலாளியம்மா பாத்திரங்கள். ஆனால் வேலை முடிந்து கால் வலியோடு வருகிற அம்மா சாய்ந்து உட்கார ஒரு நல்ல நாற்காலி மட்டும் இல்லை. அம்மாவுக்குக் கிடைக்கும் டிப்ஸ் சில்லறையைப் பெரிய கண்ணாடி ஜாடியில் போட்டுக்கொண்டே வருகிறார்கள். பாட்டி தக்காளியைக் கொஞ்சம் மலிவாக வாங்கினால் அந்த மிச்சக் காசும் ஜாடிக்குள் போகும். ஜாடி நிறைந்ததும் ரோஜாப்பூ போட்ட வெல்வெட் நாற்காலி ஒன்றை வாங்குகிறார்கள். அவ்வளவுதான் கதை. அப்பா எங்கே என்ற கேள்வியே புத்தகத்தில் எழாது, யாரும் அதற்காக வருத்தப்படவும் மாட்டார்கள். இந்த வீட்டில் மூன்று பேர், இவர்களுக்கு ஒரு நாற்காலி வேண்டும், உங்கள் மகன் அதைக் கேட்டால் போதும். ஆங்கிலப் புத்தகம்தான், பக்கத்தைப் புரட்டிக்கொண்டே நீங்கள் தமிழில் சொல்லிக்கொண்டு போகலாம். ஒன்றே ஒன்று, நடுவில் நிறுத்தி “பாரு, நம்ம வீடு மாதிரியே இல்ல?” என்று மட்டும் கேட்காதீர்கள். அவனாகக் கண்டுபிடித்துச் சொல்லட்டும், சொல்லாமலே போனாலும் பரவாயில்லை.

கொஞ்சம் வளர்ந்த பிறகு, எட்டு ஒன்பது வயதில், எரிக் கெஸ்ட்னர் 1949இல் ஜெர்மன் மொழியில் எழுதிய இரட்டைச் சிறுமிகளின் கதையைப் படிக்கலாம். ஒருத்தி அம்மாவிடம், ஒருத்தி அப்பாவிடம், இருவரும் விடுமுறை முகாமில் சந்தித்து ஆள் மாறிக்கொள்கிறார்கள். எங்கேயோ கேட்ட மாதிரி இருக்கிறதல்லவா? அதைத் தழுவி ஹாலிவுட்டில் 1961இல் படம் வந்தது, அந்தப் படத்திலிருந்துதான் நம் ‘குழந்தையும் தெய்வமும்’ 1965இல் வந்தது. குட்டி பத்மினி இரட்டை வேடத்தில் நடித்தது. கதை முடிவில் பெற்றோர் மறுபடி சேர்ந்துவிடுகிறார்கள், அதனால்தான் உங்கள் மகனிடம் இப்போதே கொடுக்க வேண்டாம் என்கிறேன். நம் அப்பா அம்மாவையும் நாமே சேர்த்து வைத்துவிடலாம் என்று ஒரு குழந்தை மனதுக்குள் திட்டம் போட ஆரம்பித்தால் அது பெரிய பாரம். ஆனால் கெஸ்ட்னரிடம் எனக்கு ரொம்பப் பிடித்த இடம் ஒன்று உண்டு. கதையை நடுவில் நிறுத்திவிட்டுப் பெரியவர்களிடம் பேசுகிறார்: பெற்றோர் பிரிந்ததால் கஷ்டப்படும் குழந்தைகள் நிறைய இருக்கிறார்கள், பெற்றோர் பிரியாததால் கஷ்டப்படும் குழந்தைகளும் நிறைய இருக்கிறார்கள் என்று. குழந்தைகள் புத்தகத்தில் விவாகரத்தை எழுதலாமா என்று முகம் சுளிக்கிறவர்களுக்கு அவர் அன்றே சொன்ன பதில் அது.

சார்ட் விஷயத்துக்கு வருகிறேன். ஆசிரியையை நேரில் பார்த்துக் கட்டங்கள் வேண்டாம், வெறும் தாளில் ஒட்டி வருகிறோம் என்று சொல்லுங்கள். பெரும்பாலும் ஒப்புக்கொள்வார்கள், யாரும் சொல்லாததால்தான் அந்தக் கட்டம் வருஷா வருஷம் அப்படியே வருகிறது. அவன் அப்பா படத்தை ஒட்ட ஆசைப்பட்டால் ஒட்டட்டும். உங்களுக்கு அவர் கணவர் இல்லை, அவனுக்கு அவர் அப்பாதான்.

கேள்வி: நான் ஆறாம் வகுப்பு படிக்கிறேன். அம்மா இறந்த பிறகு அப்பா போன வருஷம் கல்யாணம் செய்துகொண்டார். சித்தி என்னிடம் நன்றாகத்தான் இருக்கிறார். ஆனால் எல்லாக் கதையிலும் சித்தி என்றால் கொடுமைக்காரிதான். வகுப்பில் கிண்டல் செய்கிறார்கள். நல்ல சித்தி வருகிற கதை இருக்கிறதா?
— பதினொரு வயது வாசகி, மதுரை

உன் கேள்வி எனக்கு ரொம்பப் பிடித்திருக்கிறது, கண்ணு. முதலில் உன் வகுப்புத் தோழிகளிடம் சொல்ல ஒரு விஷயம் தருகிறேன். ஜெர்மனியில் கிரிம் சகோதரர்கள் நாட்டார் கதைகளைத் திரட்டி 1812இல் முதல் தொகுப்பு போட்டார்கள். அதில் ஸ்னோ ஒயிட்டைக் கொல்லச் சொல்வது சித்தி இல்லை, பெற்ற தாய். ஹான்சலையும் கிரேட்டலையும் காட்டில் விட்டுவிட்டு வரச் சொல்வதும் பெற்ற தாய்தான். பின்னால் வந்த பதிப்புகளில் அந்தத் தாய்களைச் சித்திகளாக மாற்றிவிட்டார்கள். பெற்ற தாய் இப்படிச் செய்வாள் என்று எழுத அவர்களுக்கு மனசு வரவில்லை, அந்தப் பழியைத் தூக்கிச் சித்தி தலையில் வைத்துவிட்டார்கள். ஆக, நீ படித்த கொடுமைக்காரச் சித்திகளில் சிலர் பேனாவால் உண்டானவர்கள்.

நல்ல சித்தி வருகிற கதை கேட்டாயே, பேட்ரீஷியா மெக்லாக்லன் 1985இல் எழுதிய ‘சாரா, ப்ளெயின் அண்ட் டால்’ படித்துப் பார். மெல்லிய புத்தகம், எளிய ஆங்கிலம், உன்னால் முடியும், முடியாத இடத்தில் அப்பாவையோ சித்தியையோ கேள். அமெரிக்காவில் புல்வெளிக்கு நடுவே ஒரு பண்ணை வீடு. அன்னா, கேலப் என்று இரண்டு பிள்ளைகள், கேலப் பிறந்த மறுநாள் அம்மா இறந்துவிட்டார். அப்பா பத்திரிகையில் விளம்பரம் கொடுக்கிறார், மெய்ன் என்ற கடலோர மாநிலத்திலிருந்து சாரா என்கிற பெண் கடிதம் எழுதிவிட்டு, பிடித்திருந்தால் இருக்கிறேன், பார்க்கலாம் என்று வந்து சேர்கிறாள். பிள்ளைகளுக்கு அவளைப் பிடித்துவிடுகிறது. பிடித்துப்போனதால்தான் பயமே வருகிறது. அவளுக்குக் கடல் ஞாபகமாகவே இருக்கிறதே, போய்விடுவாளோ என்று. ஒருநாள் தனியாக வண்டி ஓட்டிக்கொண்டு டவுனுக்குப் போகிறாள், பொழுது சாய்கிற வரைக்கும் பிள்ளைகளுக்கு உயிரே இல்லை. திரும்பி வருகிறாள். கையில் கலர் பென்சில்கள், நீலம், சாம்பல், பச்சை. கடலை வரைவதற்கு.

இந்தக் கதையில் சாராவும் கொஞ்சம் பயந்துபோய்த்தான் இருப்பாள், புது வீடு, புது ஆட்கள் என்று. உன் சித்தியும் அப்படி இருந்திருக்கலாம், ஒருநாள் கேட்டுப் பார். அம்மாவை நினைத்து அழுகை வருகிற நாளில் சித்தியைப் பிடித்திருப்பது தப்பு மாதிரி தோன்றும். தப்பு இல்லை. அன்னாவும் அம்மாவை மறக்கவே மாட்டாள்.

கேள்வி: எங்கள் மகளைப் பிறந்து சில மாதங்களில் தத்தெடுத்தோம். இப்போது மூன்று வயது. எப்போது சொல்வது, எந்தப் புத்தகத்தை வைத்துச் சொல்வது? பெரியவர்கள் “பதினெட்டு வயசுக்கு அப்புறம் சொல்லிக்கலாம்” என்கிறார்கள்.
— தம்பதி, கோயம்புத்தூர்

இப்போதே ஆரம்பியுங்கள். பதினெட்டு வயதில் ஒரே நாளில் கேட்டால் அது அதிர்ச்சி, மூன்று வயதிலிருந்து கேட்டுக்கொண்டே வளர்ந்தால் அது அவள் கதை. தீபா பல்சாவர் எழுதி, சென்னையில் இருக்கும் துலிகா பதிப்பகம் போட்ட ‘தி லோன்லி கிங் அண்ட் குவீன்’ என்ற சின்னப் படப்புத்தகம் இந்த வயதுக்குச் சரியாக இருக்கும். தனிமையில் இருக்கும் ராஜாவும் ராணியும், அவர்கள் வீட்டுக்கு வந்து சேரும் குழந்தையும்.

ஆனால் இதற்குக் கடைக்குத்தான் போக வேண்டும் என்று இல்லை. ஸ்ரீவில்லிபுத்தூர் துளசித் தோட்டத்தில் கிடைத்த குழந்தையை எடுத்து வளர்த்தவர் பெரியாழ்வார். ஆண்டாளை நாம் பக்தியாகவும் பாட்டாகவும் மட்டுமே சொல்கிறோம், பூப்பறித்து மாலை கட்டுகிற ஒரு அப்பாவும் அவர் தோட்டத்தில் கிடைத்த பெண்ணும் என்று சொல்லிப் பாருங்கள், மூன்று வயசுக்குக் கேட்கக் கேட்க அலுக்காது. வள்ளியும் அப்படித்தான், வள்ளிக்கிழங்கு தோண்டிய குழியில் கிடைத்தவள், வேடர் தலைவன் நம்பிராஜன் மகளாக வளர்ந்தவள்.

அப்புறம் மணிமேகலையில் வரும் ஆபுத்திரன். இது குழந்தைக்கு மட்டும் இல்லை, உங்களுக்கும்தான். பெற்றவள் தோட்டத்தில் விட்டுவிட்டுப் போன குழந்தைக்கு ஒரு பசு ஏழு நாள் பால் கொடுத்துக் காக்கிறது. அந்த வழியாக வந்த இளம்பூதி என்கிற அந்தணர் குழந்தையைக் கண்டு, “ஆ மகன் அல்லன் என் மகன்” என்று எடுத்துக்கொள்கிறார். “நம்பி பிறந்தான் பொலிக நம் கிளை” என்று மனைவியோடு கொண்டாடுகிறார். எடுத்து வளர்க்கிற ஒரு தகப்பனின் சந்தோஷத்தை இதற்கு மேல் சொல்ல முடியுமா? ஆனால் கதை அங்கே நிற்கவில்லை. பையன் வளர்கிறான், வேள்விக்குக் கட்டிவைத்த பசுவை அவிழ்த்துக் காப்பாற்றப் போய் ஊரோடு சண்டை வருகிறது, அவன் பிறப்பைச் சொல்லி இழிவாகப் பேசுகிறார்கள். பசுவின் மகன் அசலன், மானின் மகன் சிருங்கி, புலியின் மகன் விரிஞ்சி என்று முனிவர்களை வரிசையாகச் சொல்லி அவன் திருப்பிக் கேட்கிறான். ஊர் பேசியதைக் கேட்டு, என் மகன் என்று தூக்கிய அதே தகப்பன் அவனை வீட்டைவிட்டு அனுப்பிவிடுகிறார். முதல் பாதியை மகளுக்குச் சொல்லுங்கள். இரண்டாம் பாதியை நீங்கள் இருவரும் படித்து வைத்துக்கொள்ளுங்கள், ஏனென்றால் ஊர் வாய் உங்கள் வாசலுக்கும் வரும், அப்போது நீங்கள் யார் பக்கம் நிற்கிறீர்கள் என்பதைத்தான் அவள் பார்த்துக்கொண்டிருப்பாள்.

ஒரு எச்சரிக்கையும் உண்டு. எடுத்து வளர்க்கப்பட்ட பிள்ளை கடைசியில் “உண்மையான” ராஜா ராணியிடம் போய்ச் சேர்கிற கதைகள் ஏராளம். அவற்றைத் தடை செய்ய வேண்டாம், ஆனால் அவை மட்டுமே அவள் காதில் விழக் கூடாது.

கேள்வி: மகனும் மருமகளும் ஷார்ஜாவில். பேத்தி இரண்டாம் வகுப்பு, என்னோடுதான் இருக்கிறாள். அம்மா ஞாபகம் வராமல் இருக்க என்ன கதை சொல்லலாம்?
— பாட்டி, தேவகோட்டை அருகே

அம்மா ஞாபகம் வராமல் செய்கிற கதை வேண்டாம் அம்மா, வரட்டும். ‘ஹெய்டி’ கதையைச் சொல்லுங்கள். யோஹன்னா ஸ்பைரி என்ற ஸ்விட்சர்லாந்துக்காரர் 1880இல் எழுதியது. அப்பா அம்மா இல்லாத சிறுமி மலைமேல் தாத்தாவோடு இருக்கிறாள், பரணில் வைக்கோல் மெத்தை, உருக்கிய பாலாடைக்கட்டி, ஆடுகள், அவள் உயரத்துக்குத் தாத்தா செய்துகொடுத்த முக்காலி என்று அந்த வீடு நிறைவாக இருக்கும். தாத்தா பாட்டி வீடு ஒரு முழு வீடு என்று அவளுக்குத் தெரிய வேண்டும், உங்களுக்கும் தெரிய வேண்டும்.

இன்னொன்று. ஒரே கதைப் புத்தகத்தில் இரண்டு பிரதி வாங்கி ஒன்றை ஷார்ஜாவுக்கு அனுப்புங்கள். வீடியோ காலில் “சாப்டியா, படிச்சியா” என்று கேட்டுவிட்டு அடுத்து என்ன பேசுவதென்று தெரியாமல் இரண்டு பக்கமும் முழிக்கிற நேரத்தில், அம்மா அங்கே ஒரு பக்கம் படிக்கட்டும், பேத்தி இங்கே அடுத்த பக்கம்.

கேள்வி: கனடாவிலிருந்து வந்த உறவுக்காரக் குழந்தை ஒரு படக்கதை கொண்டுவந்தது. அதில் ஒரு பிள்ளைக்கு இரண்டு அம்மா. என் எட்டு வயது மகன் அதைப் படித்துவிட்டான். இதெல்லாம் வெளிநாட்டுச் சமாச்சாரம் இல்லையா? பிள்ளைகள் கெட்டுவிட மாட்டார்களா?
— வாசகர், சென்னை

கெட மாட்டார்கள். உங்கள் மகன் அதைப் படித்துவிட்டு என்ன கேட்டான் என்று நீங்கள் எழுதவில்லை, அநேகமாக ஒன்றும் கேட்டிருக்க மாட்டான். கலவரப்படுவது எப்போதும் பெரியவர்கள்தான். 1981இல் டென்மார்க்கில் ஒரு சிறுமியும் அவள் அப்பாவும் அப்பாவின் துணைவரும் ஒரு வார இறுதியைக் கழிப்பதைப் பற்றிப் புகைப்படக் கதை ஒன்று வந்தது. துணி துவைக்கப் போவது, பிறந்தநாள் விருந்து, இவ்வளவுதான் அதில் நடக்கும். அதன் ஆங்கில வடிவம் பிரிட்டனில் பெரிய ரகளையைக் கிளப்பி, 1988இல் இப்படிப்பட்ட விஷயங்களை உள்ளாட்சி அமைப்புகள் ‘ஊக்குவிக்க’க் கூடாது என்று சட்டமே போடுகிற அளவுக்குப் போனது. அந்தச் சட்டத்தை ஸ்காட்லாந்தில் 2000இலும், இங்கிலாந்து, வேல்ஸில் 2003இலும் நீக்கினார்கள். அதற்குள் ஒரு தலைமுறை பள்ளியை முடித்து வெளியே போய்விட்டது.

நமக்குப் பக்கத்தில் நடந்ததையும் சொல்கிறேன். 2014இல் சிங்கப்பூர் தேசிய நூலக வாரியம் சிறுவர் பகுதியிலிருந்து மூன்று புத்தகங்களை எடுத்தது. ஒன்று, நியூயார்க் விலங்குக் காட்சிசாலையில் சேர்ந்து வாழ்ந்த இரண்டு ஆண் பென்குவின்கள் ஒரு முட்டையை அடைகாத்துக் குஞ்சு வளர்த்த நிஜக் கதை. இன்னொன்று தத்தெடுப்பைப் பற்றியது. மூன்றாவது, பலவிதக் குடும்பங்களைப் பற்றி. எடுத்ததைக் கூழாக்கப் போகிறார்கள் என்று தெரிந்ததும் பெற்றோர்கள் பிள்ளைகளைக் கூட்டிக்கொண்டு நூலக வாசலில் உட்கார்ந்து அந்தப் புத்தகங்களை வாசித்தார்கள். கடைசியில் இரண்டு புத்தகங்கள் பெரியவர்கள் பகுதிக்குப் போயின, மூன்றாவது அதற்குள் கூழாகியிருந்தது. தத்தெடுப்புப் புத்தகமும் அந்த வரிசையில் மாட்டியதைக் கவனியுங்கள். ஒரு வகைக் குடும்பத்தை மறைக்கப் போனால் கை அதோடு நிற்காது.

வெளிநாட்டுச் சமாச்சாரம் என்கிறீர்களே, தமிழ்நாட்டில் வீட்டைவிட்டுத் துரத்தப்பட்ட திருநங்கையை மூத்த திருநங்கை ஒருவர் மகளாக ஏற்றுக்கொண்டு அம்மாவாக இருப்பது எத்தனை காலமாக நடக்கிறது? அதுவும் குடும்பம்தானே. 2025 மே மாதம் சென்னை உயர் நீதிமன்றமே ஒரு வழக்கில், குடும்பம் அமைக்கத் திருமணம் ஒன்றுதான் வழி என்று இல்லை, தேர்ந்துகொண்ட குடும்பம் என்பது சட்டத்தில் ஏற்கப்பட்ட ஒன்று என்று சொல்லியிருக்கிறது. உங்கள் மகன் வகுப்பிலேயே அப்படியொரு வீட்டிலிருந்து வரும் பிள்ளை இருக்கலாம். அந்தப் பிள்ளையைக் கிண்டல் செய்யாமல் பக்கத்தில் உட்கார அவனுக்குத் தெரிந்திருந்தால் அந்தப் படக்கதை வந்ததற்குப் பலன் உண்டு.

கேள்வி: அரசுத் தொடக்கப் பள்ளியில் மூன்றாம் வகுப்பு எடுக்கிறேன். குடும்பம் பற்றிய பாடம் வந்தாலே சில பிள்ளைகள் தலையைக் குனிந்துகொள்கிறார்கள். அப்பா செங்கல் சூளையில், அம்மா திருப்பூரில், சிலருக்கு அப்பா இருந்தும் இல்லாத மாதிரி. புத்தகம் வாங்கக் காசும் இல்லை. என்ன செய்யலாம்?
— ஆசிரியை, திருவண்ணாமலை மாவட்டம்

தலைகுனிய வைப்பது பாடம் இல்லை டீச்சர், அதற்குப் பிறகு கேட்கிற கேள்விதான். “உன் அப்பா என்ன வேலை பார்க்கிறார்?” என்று ஆரம்பித்தாலே பாதிப் பிள்ளைகள் வெளியே போய்விடுகிறார்கள். அதற்குப் பதிலாகக் காலையில் உன்னை எழுப்பிவிடுவது யார், தலை சீவிவிடுவது யார், காய்ச்சல் வந்தால் பக்கத்தில் படுத்துக்கொள்வது யார் என்று கேளுங்கள். எல்லாருக்கும் சொல்ல ஒரு பெயர் இருக்கும். அத்தை, பெரியம்மா, பக்கத்து வீட்டு ஆயா, பத்து வயது அக்கா. அந்தப் பெயரைப் படமாக வரையச் சொல்லுங்கள். 2019–21 தேசியக் குடும்ப நலக் கணக்கெடுப்பின்படி நாட்டில் 100க்கு 18 வீடுகளுக்குப் பெண்தான் தலைவி. பாடப் படத்தில் அப்பா பேப்பர் படித்துக்கொண்டும் அம்மா காபி கொடுத்துக்கொண்டும் இருந்தால், இந்த வீட்டுப் பிள்ளைகள் தங்கள் வீடுதான் ஏதோ தப்பு என்று நினைத்துக்கொள்வார்கள்.

இதில் யாரும் அதிகம் பேசாத ஒன்றைச் சொல்ல வேண்டும். நம் படப்புத்தகங்களில் ‘வித்தியாசமான குடும்பம்’ என்று வந்தாலும் அது நகரத்துப் பிளாட்டில், தனி அறை, புத்தக அலமாரியோடுதான் இருக்கிறது. உங்கள் பிள்ளைகள் வீட்டுச் சமையல், வேலை, கடன், சாமி, எதுவும் அதில் இருக்காது. ஹைதராபாத்தில் அன்வேஷி என்ற பெண்கள் ஆய்வு மையம் 2008இல் இதற்காகவே தலித், முஸ்லிம், உழைக்கும் வீட்டுப் பிள்ளைகளின் வாழ்க்கையிலிருந்து ‘டிஃபரென்ட் டேல்ஸ்’ என்று ஒரு கதை வரிசையைத் தெலுங்கிலும் மலையாளத்திலும் ஆங்கிலத்திலும் கொண்டுவந்தது. ஆட்டுத்தலைக் கறி சமைக்கிற வீட்டைப் பற்றி அதில் ஒரு கதை உண்டு. ஒரு குழந்தை தன் வீட்டுக் குழம்பின் வாசனையைப் புத்தகத்தில் படிக்கிற சந்தோஷம் நம் பிள்ளைகளுக்கும் கிடைக்க வேண்டும், தமிழில் இப்படி ஒரு வரிசை வர வேண்டும் என்று எனக்குத் தீராத ஆசை.

காசு இல்லாததற்கு வழி இருக்கிறது. பிரதம் புக்ஸ் 2015இல் தொடங்கிய ஸ்டோரிவீவர் தளத்தில் தமிழ்க் கதைகள் இலவசமாகக் கிடைக்கின்றன, இறக்கி அச்செடுத்துக்கொள்ளலாம், திருத்தி எழுதவும் அனுமதி உண்டு. நம் பள்ளிக்கல்வித் துறையின் வாசிப்பு இயக்கப் புத்தகங்கள் நுழை, நட, ஓடு, பற என்று நான்கு நிலைகளில் வந்திருக்கின்றன, உங்கள் பள்ளி அலமாரியில் பூட்டிக் கிடந்தால் முதலில் அவற்றை வெளியே எடுங்கள்.

அப்புறம் பிள்ளைகளையே எழுதச் சொல்லுங்கள். ஒரு ஏ4 தாளை இரண்டாக மடித்தால் நான்கு பக்கம். காலையில் எழுப்பிவிடுகிற அந்த ஆளைப் பற்றிப் பக்கத்துக்கு ஒரு வாக்கியம், ஒரு படம். எழுத்துப் பிழைக்குச் சிவப்பு மை வேண்டாம். முடித்தவற்றைக் கயிற்றில் தொங்கவிட்டு, ஒவ்வொரு நாளும் ஒரு பிள்ளை இன்னொரு பிள்ளையின் புத்தகத்தை வீட்டுக்கு எடுத்துப் போய் வாசித்துக் காட்டிவிட்டு மறுநாள் கொண்டுவரட்டும்.